வயலின் கற்க அனுப்பினால் பாடச் சொல்கிறார்கள்! லால்குடி ஜெயராமன் வழி பற்றி ஒரு சந்தேகம்

மலைக்கோட்டைவாசி

வணக்கம். இங்கே நான் படிப்பதோடு சரி, எழுதுவது அபூர்வம். இன்று எழுத வைத்தது என் மகள்.

அவளுக்குப் பதிமூன்று வயது. ஏழு வயதிலிருந்து வயலின் கற்கிறாள். பழைய ஆசிரியர் ஊர் மாறிப் போய்விட்டதால் ஜூன் மாதத்திலிருந்து புது டீச்சர். முதல் வகுப்பில், "உனக்குப் பிடித்ததை வாசி" என்றிருக்கிறார். இவள் வயலின் மேதை லால்குடி ஜெயராமன் இயற்றிய சாருகேசி ராக வர்ணத்தை (ஸ்வரமும் வார்த்தையும் கலந்த உருப்படி), "இன்னும் என் மனம்", தடங்கல் இல்லாமல் வாசித்து முடித்தாள். வாசலில் செருப்புகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்கு உள்ளுக்குள் ஒரே பெருமை.

டீச்சர் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "இதைப் பாடு, பார்ப்போம்." பிள்ளைக்கு ஸ்வரமெல்லாம் தலைகீழ்ப் பாடம். வார்த்தைதான் பல்லவியைத் தாண்டித் தெரியவில்லை. "சரி, பெட்டியை மூடு. ஒரு மாதம் இதைப் பாடு. அப்புறம் வில்லைத் தொடலாம்" என்று சொல்லிவிட்டார். காரணம் கேட்டதற்கு, "இது லால்குடி சார் வழி" என்றார். அவ்வளவுதான்.

இரண்டு வாரம் ஆகிவிட்டது. வயலின் அலமாரி மேல் இருக்கிறது. பிள்ளை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு பாடுகிறாள். அவளுக்குக் குரலும் அப்படியொன்றும் இல்லை, அப்பன் நானே சொல்கிறேன்.

என் அப்பா ஜெயராமன் பக்தர். அவருடைய மோகனகல்யாணி ராகத் தில்லானா (துள்ளலான ஜதிப் பாட்டு) கேசட்டைத் தேயத் தேயக் கேட்டவர். எனக்கோ அவர் பெயரும் இரண்டு மூன்று விருதும்தான் தெரியும். கேட்கிறேன்: இப்படி ஒரு வழி நிஜமாகவே உண்டா? அல்லது பெரிய பெயரைச் சொல்லி நம் வாயை அடைக்கிறார்களா?

சபா_கேன்டீன்

உங்கள் மகள் கொடுத்து வைத்தவள். என் வாத்தியார் என்னைப் பாடாதே என்று கெஞ்சினார்.

நாலாம்தந்தி

மலைக்கோட்டைவாசி சார், நீங்கள் திருச்சிக்காரர் என்று பெயரிலேயே தெரிகிறது. அப்படியென்றால் காவிரியையும் கொள்ளிடத்தையும் தாண்டினால் லால்குடி. பதில் அங்கிருந்துதான் ஆரம்பிக்கிறது. கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜெயராமன் பிறந்தது 1930 செப்டம்பர் 17, லால்குடிக்குப் பக்கத்து இடையாற்றுமங்கலத்தில். அப்பா வி.ஆர். கோபாலய்யர்தான் குரு. வேறு யாரிடமும் போய்ச் சேரவில்லை. குடும்பத்தின் முன்னோர் லால்குடி ராமய்யர், தியாகராஜரிடம் நேரடியாகக் கற்றவர். தியாகராஜர் லால்குடிக்கு வந்து சப்தரிஷீஸ்வரர் மேலும் அம்பாள் மேலும் ஐந்து கீர்த்தனைகள் பாடினார் அல்லவா, லால்குடி பஞ்சரத்னம்? தோடியில் "கதி நீவனி", பைரவியில் "லலிதே", காம்போஜியில் "மஹித ப்ரவ்ருத்த", கல்யாணியில் "ஈச பாஹிமாம்", மத்யமாவதியில் "தேவ ஸ்ரீ". அந்த வீட்டில் சங்கீதம் என்றால் முதலில் சாகித்யம்தான், அதாவது பாட்டின் வார்த்தைதான். வாத்தியம் அதற்கு அப்புறம்.

பன்னிரண்டு வயதில், 1942-இல், பாடகருக்குத் துணையாக வாசிக்கும் பக்கவாத்தியக்காரராக மேடை ஏறினார். விஷயமே இங்கேதான் இருக்கிறது. நம்மில் பலர் அவரைத் தனி வயலின் ரெக்கார்டில்தான் முதலில் கேட்டோம், இல்லையென்றால் நாட்டியக் கச்சேரியில் தில்லானாவாக. அவரை உருவாக்கியது பக்கவாத்தியம். அவர் எந்தெந்தப் பெரிய பாடகர்களுக்கு வாசித்தார் என்று பாருங்கள்: அரியக்குடி, செம்பை, செம்மங்குடி, ஜி.என்.பி., மதுரை மணி ஐயர், ஆலத்தூர் சகோதரர்கள். பிற்பாடு கே.வி. நாராயணசுவாமி, மகாராஜபுரம் சந்தானம், டி.கே. ஜெயராமன். புல்லாங்குழல் மாலிக்கும் வாசித்திருக்கிறார்.

சும்மா பெயர்ப் பட்டியல் என்று தள்ளிவிடாதீர்கள். இதில் ஒருவர் பாட்டு மாதிரி இன்னொருவர் பாட்டு இல்லை. அரியக்குடி மத்யம காலத்தில், அதாவது நடுத்தர வேகத்தில், கச்சிதமாகப் பாடுவார், கூடவும் இருக்காது குறையவும் இருக்காது. பக்கத்தில் இருப்பவர் ஒரு பிடி அதிகம் வாசித்தாலும் துருத்திக்கொண்டு தெரியும். ஜி.என்.பி. என்றால் பிருகா, அதாவது மின்னல் வேக ஸ்வரங்கள். பொலபொலவென்று உதிரும் ஸ்வரங்களை வில்லைத் திருப்பித் திருப்பி வாசித்தால் தகர டப்பாவில் கல்லைப் போட்டுக் குலுக்கின மாதிரி இருக்கும். ஒரே வில்லில் அத்தனையையும் அள்ளிக்கொண்டு வர வேண்டும். மணி ஐயருக்கு சர்வலகு. கணக்கே தெரியாத மாதிரி ஸ்வரம் ஆறு போல ஓடிக்கொண்டிருக்கும். அங்கே குட்டி வில், நடை அசையக் கூடாது. ஆலத்தூர் சகோதரர்கள் பல்லவி (ஒரே வரியைத் தாளக் கணக்கோடு விரித்துப் பாடுவது) எடுத்தால் தாளத்தில் எங்கே எடுத்து எங்கே விடுகிறார்கள் என்று மனசுக்குள் போட்டுப் பார்த்துக்கொண்டே வாசிக்க வேண்டும்.

இவர்கள் எல்லாரிடமும் மாறி மாறி உட்கார்ந்த பையனுக்கு, பாட்டு என்பது எத்தனை விதமாக மூச்சு விடும் என்பது இளவயதிலேயே கையில் ஏறியிருக்கும். உங்கள் டீச்சர் "லால்குடி வழி" என்று எதைச் சொல்கிறார் என்பதற்கு இதுதான் பின்னணி என்று நினைக்கிறேன்.

மலைக்கோட்டைவாசி

நாலாம்தந்தி சார், ரொம்ப நன்றி. ஆனால் அந்தக் காலத்து வயலின்காரர்கள் எல்லாருமே பெரியவர்களுக்குப் பக்கவாத்தியம் வாசித்துத்தானே வந்தார்கள்? இவருக்கு மட்டும் தனியாக என்ன வழி?

இன்னொன்று. வாசிக்கும்போது வார்த்தை யாருக்குக் கேட்கப் போகிறது? வயலினில் "இன்னும்" என்று வாசித்தாலும் "பொன்னும்" என்று வாசித்தாலும் ஒரே சத்தம்தானே?

நாலாம்தந்தி

இரண்டாவது கேள்வி அருமையான கேள்வி. ஒரே சத்தம் இல்லை. அதைச் சொல்லிவிட்டால் முதல் கேள்விக்கும் பதில் வந்துவிடும்.

வயலின் பக்கத்தில் இருக்கிறதா? அலமாரியிலிருந்து எடுங்கள், டீச்சரிடம் நான் சொல்லிக்கொள்கிறேன். "கதி நீவனி" என்பதையே எடுத்துக்கொள்ளுங்கள். க, தி இரண்டும் குறில். நீ நெடில். வ, னி குறில்.

ஸ்வரம் மட்டும் பாடமானவர் என்ன செய்வார்? ஒரு ஸ்வரத்துக்கு ஒரு வில், அடுத்த ஸ்வரத்துக்கு எதிர் வில். அல்லது கைக்கு வசதியாக நாலு ஸ்வரத்துக்கு ஒரு வில். பாட்டில் எந்த எழுத்து எங்கே விழுகிறது என்பதைப் பற்றி வில்லுக்குக் கவலை இல்லை. சங்கதியில், அதாவது ஒரே வரியை மாற்றி மாற்றிப் பாடும்போது, "நீ" என்ற எழுத்து நாலைந்து ஸ்வரம் நீண்டு போகும். நடுவில் வில் திரும்பிவிட்டால் "நீ" என்பது "நீ...ஈ...ஈ" என்று மூன்றாக உடைந்துபோகும். பாடகர் அப்படிப் பாடினால் சிரிக்க மாட்டோமா?

வார்த்தை தெரிந்தவர் வேறு மாதிரி வாசிப்பார். "க" வல்லினம், அங்கே வில் தந்தியைச் சின்னதாக ஒரு கடி கடிக்கும். "நீ" மெல்லினம், அங்கே கடி கிடையாது. வில் முன்னமே தந்தியில் படிந்திருக்க, அழுத்தம் மட்டும் கொஞ்சம் ஏறும். அப்புறம் அந்த நெடில் முடிகிற வரைக்கும் ஒரே வில். இடது கை விரல் தந்தியில் வழுக்கிக்கொண்டு எத்தனை ஸ்வரம் போனாலும் சரி, வலது கை திரும்பாது. "வ"வில் லேசாகத் திரும்பும். கடைசி "னி"யில் வில்லை நிறுத்தாமல் தூக்க வேண்டும், ஒலி தானாகக் கரையட்டும் என்று விட வேண்டும்.

கேட்கிறவருக்கு எழுத்து காதில் விழாது, உண்மைதான். ஆனால் பாட்டு தெரிந்தவருக்கு வார்த்தை தானாக வாயில் வந்துவிடும். ஜெயராமன் வாசிக்கும்போது சபையில் உதடுகள் கூடவே அசையும், பார்த்தவர்களுக்குத் தெரியும். எல்லாரும் பக்கவாத்தியம் வாசித்தார்கள். தனியாக வாசிக்கும்போதும் பக்கத்தில் ஒருவர் பாடிக்கொண்டிருக்கிற மாதிரியே வாசித்தவர் என்று நான் அவரைத்தான் சொல்வேன். லால்குடி பாணி என்று தனியாகப் பெயர் வந்தது அதனால்தான்.

உங்கள் மகளின் வர்ணத்திலும் இதே கதைதான். "மனம்" என்ற வார்த்தைக்கு நடுவில் வில் திரும்பினால் "ம", "னம்" என்று துண்டாகிவிடும். போதாததற்கு அது பத வர்ணம். தான வர்ணத்தில் வார்த்தை குறைவு, தப்பித்துக்கொள்ளலாம். பத வர்ணத்தில் ஸ்வரப் பகுதிக்கும் சாகித்யம் உண்டு. பல்லவியோடு வார்த்தையை நிறுத்திக்கொண்ட பிள்ளை அங்கே வெறும் விரலை வைத்துத்தான் சமாளித்திருப்பாள்.

பரூர்ரசிகன்

நாலாம்தந்தி நன்றாகவே எழுதுகிறார். ஆனாலும் வயலின் என்றால் லால்குடி மட்டும்தான் என்று இழை போகிற போக்கைப் பார்த்தால் சும்மா இருக்க முடியவில்லை.

முதலில், வயலின் நம் கச்சேரிக்கு வந்து இருநூறு வருடம். பாலுஸ்வாமி தீட்சிதர், அப்புறம் தஞ்சை நால்வரில் வடிவேலு. திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் வடிவேலுவுக்குத் தந்த வயலின் 1834-இல். அன்றையிலிருந்து அது பாட்டைப் பின்தொடரும் வாத்தியம்தான். குரலைப் போல வாசிப்பது ஜெயராமன் கண்டுபிடித்தது இல்லை. தனிக் கச்சேரியும் அவருக்கு முன்னாலேயே துவாரம் வேங்கடசாமி நாயுடு கம்பீரமாகச் செய்து காட்டிவிட்டார்.

இரண்டாவது, வாய்ப்பாட்டுக்கு நகலாக இருப்பதுதான் வயலினின் உச்சமா? எம்.எஸ். கோபாலகிருஷ்ணனைக் கேளுங்கள். அப்பா பரூர் சுந்தரம் ஐயர் போட்ட அஸ்திவாரம். ஒரே விரல் ஒரே தந்தியில் மேலேயும் கீழேயும் ஸ்தாயி தாண்டிப் போகிற ஓட்டம் இருக்கிறதே, எந்தத் தொண்டை அதைப் பாடும்? வில்லின் கனம் எந்தக் குரலில் வரும்? இந்துஸ்தானியிலும் அதே கை, ஓம்கார்நாத் தாக்கூருக்கே வாசித்தவர். வாத்தியத்தை வாத்தியமாக வாசித்தார். அதுவும் ஒரு தர்மம்தான்.

டி.என். கிருஷ்ணன் இன்னொரு கரை. நீளமான வில், ஸ்ருதியில் கடுகளவு பிசகாது, இனிப்பு. அவரும் ஆசிரியர்தான். சென்னையில் இசைக் கல்லூரியில் பேராசிரியர், டெல்லிப் பல்கலைக்கழக இசைத் துறைக்கு டீன். ஜெயராமன் வீட்டில் கற்றுக்கொடுத்தார் என்றால் இவர் கல்லூரியில்.

மூன்று பேரையும் மும்மூர்த்தி என்பது வழக்கம். 2013 ஜனவரி 3-இல் எம்.எஸ்.ஜி. போனார், ஏப்ரல் 22-இல் ஜெயராமன். நாலு மாசத்துக்குள் இரண்டு பேர். அந்த வருடம் வீட்டில் நான் வேறு எதுவும் போட்டுக் கேட்டதாக ஞாபகம் இல்லை.

அதனால் மலைக்கோட்டைவாசி சார், பிள்ளை நன்றாக வாசித்துக்கொண்டிருந்தாள் என்றால் அவளை வாசிக்க விடுங்கள். விரல் ஓடுகிற வயசு இது. ஒரு மாதம் வில்லைத் தொடாதே என்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

நாலாம்தந்தி

பரூர்ரசிகன், நீங்கள் சொன்னதில் முக்கால்வாசிக்கு நான் தலையாட்டுகிறேன். நகல் என்ற சொல்லை மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டேன். குரலால் முடியாததை ஜெயராமனும் நிறையச் செய்திருக்கிறார், அந்தத் தில்லானாக்களின் ஸ்வரக் கணக்கைக் கேட்டாலே தெரியும். ஆனால் எவ்வளவு தூரம் போனாலும் மூச்சு விட இடம் வைத்திருப்பார். பாடகருக்கு மூச்சு முட்டும், வில்லுக்கு முட்டாது. வில் முட்டாமல் போய்க்கொண்டே இருப்பதால் நம்மில் பலர் வாசிப்பு கேட்கிறவரை மூச்சு முட்ட வைக்கிறது.

வில்லை ஒரு மாதம் மூடி வைக்கச் சொன்னது அதிகம்தான், அதில் உங்கள் கட்சி நான். காலையில் சாதகம் வாசிக்கட்டும், இந்த வர்ணத்தை மட்டும் பாடட்டும் என்றிருக்கலாம்.

சலங்கை_சத்தம்

நான் வயலின்காரி இல்லை. முப்பது வருடமாக நட்டுவாங்கம் செய்கிறேன் (ஆடுகிறவருக்குத் தாளம் போட்டு ஜதி சொல்வது), நாட்டியம் கற்றுக்கொடுக்கிறேன். இந்த இழையில் தில்லானாவை யாருமே சரியாகத் தொடாமல் போகிறீர்களே என்று வந்தேன்.

ஆண்பிள்ளைகள் சங்கீத சபாவில் கேட்ட ஜெயராமன் வேறு, நாங்கள் சலங்கையோடு கேட்கிற ஜெயராமன் வேறு. த்விஜாவந்தி, தேஷ், ராகேஸ்ரீ, திலங், பாகேஸ்ரீ, பீம்ப்ளாஸ், மோகனகல்யாணி என்று எத்தனை தில்லானா! வடக்கத்தி வாசனை உள்ள ராகங்களாகத் தேடித்தேடி எடுத்திருக்கிறார். வர்ணத்தில் சாருகேசி தவிர நவரச வர்ணம் இருக்கிறது, "அங்கயற்கண்ணி". மீனாட்சி மேல், ஒன்பது ரசத்துக்கு ஒன்பது ராகம். அதை ஆடப் பயமாக இருக்கும். ராகம் மாறுகிற இடத்தில் முகமும் மாறியாக வேண்டும், அரை ஆவர்த்தனம் (தாளச் சுற்று) தாமதமானாலும் ஆடுகிறவள் மாட்டிக்கொள்வாள்.

தில்லானாவின் ஜதியை, அதாவது தாளச் சொற்கட்டை, அவர் எப்படிக் கட்டியிருக்கிறார் என்பது ஆடினால்தான் தெரியும். கோர்வையில், அதாவது முடிவுக்குக் கொண்டு வரும் இடத்தில், கணக்கு எவ்வளவு சிக்கலாக இருந்தாலும் கால் போய் நிற்க வேண்டிய இடத்தில் ஸ்வரமும் போய் நிற்கும். வெறும் கணக்குக்காரர்கள் எழுதினதில் கால் ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம். பக்கவாத்தியமாக வாசித்தவர், எதிராளி மூச்சைப் பார்த்தே வாசித்தவர் என்று மேலே சொன்னீர்களே, இங்கே எதிராளியின் கால். அதே கதைதான்.

ஒரு குறையும் உண்டு, சொல்லிவிடுகிறேன். இப்போது எந்த அரங்கேற்றத்துக்குப் போனாலும் கடைசியில் லால்குடி தில்லானாதான். பெற்றோரே வந்து, "டீச்சர், மோகனகல்யாணி போட்டுடுங்க" என்கிறார்கள், ஹோட்டலில் தோசை சொல்கிற மாதிரி. பழைய தில்லானாக்களை ஆட ஆள் இல்லை. இது அவர் தப்பு இல்லை, எங்கள் சோம்பேறித்தனம்.

அந்தப் பெண் குழந்தை சாருகேசியைப் பாடுகிறாளே, அர்த்தம் யாராவது சொன்னீர்களா? நாயகி கண்ணனிடம், என் மனசு தெரியாத மாதிரி இருக்கிறாயே, நியாயமா என்று கேட்கிறாள். கோபம் பாதி, கெஞ்சல் பாதி. பதிமூன்று வயசுக்கு அந்தக் கோபம் புரியும். கேட்டுப் பாருங்கள்.

மலைக்கோட்டைவாசி

அம்மா, உண்மையைச் சொல்கிறேன். ஆறு வருடத்தில் எந்தப் பாட்டுக்கும் நான் அவளிடம் அர்த்தம் கேட்டதில்லை. எத்தனை பாட்டு முடித்தாய் என்றுதான் கேட்டிருக்கிறேன்.

டிசம்பர்_வாசல்

அவருடைய தனிக் கச்சேரிப் பக்கத்தையும் கொஞ்சம் பேசலாமே. 1965-இல் எடின்பரோ விழாவில் வாசித்தார். அங்கே மேற்கத்திய வயலின் மேதை யெஹூதி மெனுஹின் கேட்டுவிட்டுத் தன் இத்தாலிய வயலின் ஒன்றையே பரிசாகக் கொடுத்துவிட்டார். ஒரு வயலின்காரர் இன்னொருவருக்குத் தன் வாத்தியத்தைத் தருவது லேசான விஷயமா? நின்றுகொண்டு தாடைக்குக் கீழே வைத்து வாசிக்கிறவர், சம்மணம் போட்டுக் கணுக்காலில் வயலின் தலையை முட்டுக்கொடுத்து வாசிக்கிறவரிடம் எதைக் கேட்டு மயங்கினாரோ! நம் ஆள் அப்படி உட்கார்வதால்தான் இடது கை வயலினைத் தாங்க வேண்டிய வேலை இல்லாமல் தந்தி நெடுகச் சறுக்கிப் போக முடிகிறது. கமகத்துக்கு, அதாவது ஸ்வரத்தை அசைத்து வளைப்பதற்கு, அது வேண்டும்.

மறு வருடம், 1966-இல், வேணு-வயலின்-வீணை என்று மூன்றையும் ஒரே மேடையில் சேர்த்தார். புல்லாங்குழல் என். ரமணி, வீணை வெங்கட்ராமன். கேட்க எளிதாகத் தோன்றும், சேர்ப்பது கஷ்டம். வயலின் நினைத்தால் மற்ற இரண்டையும் விழுங்கிவிடும். வீணை மீட்டினால் ஒலி தேய்ந்துகொண்டே போகும், வயலினில் வில் இருக்கும் வரை நிற்கும். குழலுக்கு மூச்சு. மூன்றும் ஒரே கமகத்தை ஒரே நேரத்தில் முடிக்க வேண்டும் என்றால் வலுவுள்ளவர் தணிந்து போக வேண்டும். அந்தப் பதிவுகளில் வயலின் எங்கெல்லாம் சும்மா இருக்கிறது என்று கவனித்துப் பாருங்கள். எனக்குப் பிடித்தது அந்தச் சும்மா இருப்புதான்.

தங்கை ஸ்ரீமதி பிரம்மானந்தத்தோடு இரட்டை வயலின், பிற்பாடு மகன் ஜி.ஜே.ஆர். கிருஷ்ணன், மகள் விஜயலட்சுமியோடு மூன்று வயலின். மூன்று வில்லும் ஒரே இடத்தில் திரும்பும். எதேச்சையாக வருமா அது? சாகித்யத்தை வைத்து வில் திரும்பினால் மூன்று பேருக்கும் திரும்புகிற இடம் ஒன்றுதானே. நாலாம்தந்தி மேலே எழுதினதைப் படித்த பிறகுதான் எனக்கே இது உறைத்தது.

சபா_கேன்டீன்

எல்லாம் சரி, மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதி பட்டத்தை ஜெயராமனுக்கு ஏன் கொடுக்கவில்லை? துவாரத்துக்கு 1941, கும்பகோணம் ராஜமாணிக்கம் பிள்ளைக்கு 1948, சௌடய்யாவுக்கு 1957, டி.என்.கே.வுக்கு 1980, எம்.எஸ்.ஜி.க்கு 1997. நடுவில் இவர் பெயரைக் காணோமே?

டிசம்பர்_வாசல்

ஆரம்பித்துவிட்டாரய்யா. இந்தக் கேள்விக்கு ஏற்கெனவே இரண்டு இழை ஓடிப் பூட்டுப் போட்டாகிவிட்டது. பத்மஸ்ரீ 1972, சங்கீத நாடக அகாடமி 1979, பத்மபூஷண் 2001, அப்புறம் "சிருங்காரம்" படத்தின் இசைக்குத் தேசிய விருது, எழுபது வயதுக்கு மேல். விருது கணக்கு போதும், வயலினுக்கு வருவோம்.

பரூர்ரசிகன்

முதல் தடவையாக டிசம்பர்_வாசலோடு ஒத்துப்போகிறேன்.

குறிஞ்சிமலர்

ஆசிரியர் என்ற பக்கத்தை இன்னும் யாரும் சரியாகப் பேசவில்லை. எனக்கு மிகவும் ஆச்சரியமானது அதுதான்.

ஒரு வயலின்காரரிடம் கற்றவர்களைப் பட்டியல் போட்டால் வயலின்காரர்கள்தானே வர வேண்டும்? விட்டல் ராமமூர்த்தி, பத்மா சங்கர் என்று வருகிறார்கள், சரி. கூடவே பம்பாய் ஜெயஸ்ரீ வருகிறார். சாகேதராமன் வருகிறார். ஹரிகதை சொல்கிற விசாகா ஹரி வருகிறார். இவர்கள் தொண்டையைத்தானே வாத்தியமாக வைத்திருக்கிறார்கள்? ஜெயஸ்ரீ ஏற்கெனவே பாடகியாக இருந்தவர், 1989-இல் அவரிடம் கற்க வந்தார். பாட்டுக் கற்க வயலின்காரரிடம் ஏன் போக வேண்டும்?

நான் பாட்டுக் கற்றவள், மேடைக்குப் போகவில்லை. என் வாத்தியார் அந்தப் பரம்பரையைச் சேர்ந்தவர் இல்லை. ஆனாலும் அவர் ஒரு காரியம் செய்வார். நான் பாடினதை வாயால் திருத்த மாட்டார், வயலினை எடுத்து நான் பாடினதை அப்படியே வாசித்துக் காட்டுவார். என் குரலில் எனக்குக் கேட்காத தப்பு தந்தியில் பளிச்சென்று கேட்கும். காந்தாரத்தை அசைக்கிறேன் என்று நினைத்துக்கொண்டு ரிஷபத்திலேயே தொங்கிக்கொண்டிருப்பேன். குரல் என்றால் நாமே மன்னித்துவிடுகிறோம். வயலின் மன்னிக்காது. பாட்டுக்காரர்கள் வயலின்காரரிடம் போவதற்கு அது ஒரு காரணமாக இருக்கலாம்.

இன்னொரு காரணமும் இருக்கிறது. பக்கவாத்தியக்காரர் மாதிரி பாட்டை உன்னிப்பாகக் கேட்டவர் வேறு யாரும் கிடையாது. பாடகர் தன் பாட்டைத்தான் பாடுகிறார், மற்றவர் பாட்டை எப்போதாவது கேட்கிறார். அரியக்குடியையும் ஜி.என்.பி.யையும் ஆலத்தூரையும் இரண்டடி தூரத்தில் உட்கார்ந்து, ஒவ்வொரு பிடியும் எங்கே போகப் போகிறது என்று அடுத்த நொடிக்கு முன்னால் ஊகித்துக்கொண்டே வருடக்கணக்கில் கேட்டவர் அவர். அத்தனை பேர் பாட்டும் ஒருவரிடம் சேமித்துக் கிடந்தால் பாடகர்கள் போகாமல் இருப்பார்களா?

நாலாம்தந்தி

குறிஞ்சிமலர், பிரமாதம். "அடுத்த நொடிக்கு முன்னால் ஊகித்து" என்று எழுதினீர்களே, பக்கவாத்தியம் என்பது அதேதான். ராகத்தை வார்த்தையில்லாமல் விரிக்கும் ஆலாபனையில் பாடகர் பின்னால் நிழல் மாதிரி போகிறோம் என்று எல்லாரும் சொல்வார்கள். நிஜத்தில் நிழல் பின்னால் மட்டும் போனால் எப்போதும் தாமதம்தான். அரை நொடி முன்னாலேயே விரல் அங்கே போய்க் காத்திருக்க வேண்டும், ஆனால் வில்லைத் தொடக் கூடாது. அவர் வேறு பக்கம் திரும்பிவிட்டால் நாம் அங்கே இருந்த சுவடே தெரியக் கூடாது.

நானும் முப்பது வருடமாகச் சின்னச் சின்னக் கச்சேரிகளுக்கு வாசிக்கிறேன். கல்யாணக் கச்சேரியில் பாடகர் போகாத இடத்துக்கு விரலோடு வில்லும் போய்விட்டு, அவர் திரும்பி என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே, இன்னும் மறக்கவில்லை. பந்தியில் பாயசம்கூட இறங்கவில்லை.

சபா_கேன்டீன்

பாயசத்தை வேண்டாம் என்று சொல்லுமளவுக்கா? அப்படியானால் பெரிய தப்புதான்.

மலைக்கோட்டைவாசி

மூன்று வாரம் கழித்து வருகிறேன். எல்லாருக்கும் பதில் எழுதாமல் விட்டதற்கு மன்னிக்கவும், ஆடிட் நேரம்.

சலங்கை_சத்தம் அம்மா சொன்னபடி அர்த்தம் சொன்னேன். "இவ்வளவு கோபமான பாட்டா இது? நான் ஜாலியான பாட்டு என்று நினைத்து வாசித்துக்கொண்டிருந்தேன்" என்றாள். அன்றிலிருந்து முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வது நின்றது. பாட்டின் நாயகிக்கே அந்த வேலை போய்விட்டது போல.

டீச்சரிடம் நாலாம்தந்தி சார் யோசனையைப் பக்குவமாகக் கேட்டுப் பார்த்தேன். காலையில் பயிற்சிக்கான ஸ்வர வரிசைகள் மட்டும் வாசிக்கலாம் என்று விட்டுக்கொடுத்தார். போன சனிக்கிழமை மாதம் முடிந்தது. வகுப்பில் வர்ணத்தைப் பாட வைத்தார். குரல் அப்படியே இருக்கிறது, அதில் முன்னேற்றம் ஒன்றும் இல்லை. வார்த்தை மட்டும் கடைசி வரை வந்தது. அப்புறம் வில்லை எடுக்கச் சொன்னார்.

முன்னைவிட மோசமாக வாசித்தாள். நிஜமாகத்தான். முன்பு தடங்கல் இல்லாமல் போனவள் இப்போது வரிக்கு வரி நிற்கிறாள். வில் போதாமல் பாதி வார்த்தையில் தீர்ந்துபோகிறது, நுனிக்கு வந்து தவிக்கிறாள். எனக்கு வயிற்றைக் கலக்கியது. டீச்சர் முகத்தில் மட்டும் முதல் நாள் இல்லாத ஒரு சிரிப்பு. "இப்போதுதான் வில் தீர்ந்துபோவது இவளுக்கே தெரிகிறது" என்றார். எந்த எழுத்துக்கு எவ்வளவு வில் என்று பென்சிலால் நோட்டில் கோடு போட்டுக் கொடுத்திருக்கிறார்.

இரவு என் அப்பாவின் பழைய கேசட்டைத் தேடி எடுத்தேன். டேப் சிக்கிக்கொண்டிருக்கிறது, ஓடவில்லை. திருச்சியில் கேசட்டைச் சரிசெய்து டிஜிட்டலாக மாற்றித் தருகிறவர்கள் யாராவது இருந்தால் தனிச்செய்தியில் சொல்லுங்கள். மகளும் கேட்க வேண்டும் என்கிறாள்.

பரூர்ரசிகன்

கேசட்டைச் சரிசெய்ய ஆள் இருக்கிறார், தனிச்செய்தி அனுப்பியிருக்கிறேன். பென்சிலைச் செருகிக் கையால் சுற்றிப் பார்க்காதீர்கள், இழுபட்ட டேப் அறுந்துவிடும். அப்படியே பெட்டியோடு கொண்டு போங்கள். என்னிடம் அதே தில்லானா வேறு ஒரு கச்சேரிப் பதிவாக இருக்கிறது, அதையும் அனுப்புகிறேன். கூடவே எம்.எஸ்.ஜி. ஒன்று வைப்பேன், குழந்தை அதையும் கேட்கட்டும்.